வெளிச்சம் எந்தப் பக்கம்? – சுயாதீனத் திரைப்பட ஒளிப்பதிவாளரின் தொழிலும் கலையும்

ஒரு திரைப்படத்தைப் பற்றிப் பேச்சு வந்தால் நாம் முதலில் கேட்பது, "யார் நடித்தது?" என்பதுதான். அடுத்ததாகப் பாட்டு யாருடையது என்று கேட்போம். சற்று விபரம் தெரிந்தவர்கள் இயக்குநரின் பெயரைக் கேட்பார்கள். "ஒளிப்பதிவு யார்?" என்று கேட்ட ஒருவரை நான் இதுவரை கண்டதில்லை. ஆனால் திரையில் நாம் பார்த்த ஒவ்வொரு முகத்தையும், ஒவ்வொரு மழைத் துளியையும் நமக்கு முன்பே ஒருவர் பார்த்துவிட்டார். அதை எங்கிருந்து, எவ்வளவு வெளிச்சத்தில், எவ்வளவு நேரம் நாம் பார்க்க வேண்டும் என்பதை அவர்தான் இயக்குநரோடு சேர்ந்து தீர்மானித்தார். அவரே ஒளிப்பதிவாளர்.

பெரிய நிறுவனங்களின் பணமும் ஸ்டூடியோ வசதிகளும் இல்லாமல், சிறு குழுவொன்று தான் சொல்ல விரும்பும் கதையைச் சொல்வதற்காக எடுக்கும் படத்தைச் சுயாதீனத் திரைப்படம் என்கிறோம். அத்தகைய படத்தில் ஒளிப்பதிவாளரின் வேலை என்ன? அதை எப்படிச் செய்கிறார்கள்? கண்டியில் உயர்தரம் படிக்கும் நம்மைப் போன்ற பெண் பிள்ளைகள் அதை ஒரு தொழிலாக நினைத்துப் பார்க்கலாமா? உயர்தரத்தில் தொடர்பாடலும் ஊடகக் கற்கையும் என்ற பாடத்தை எடுத்த நாள் முதல் இந்த மூன்று கேள்விகளும் என்னை விடவில்லை. தேடிப் படித்தவற்றையும் பார்த்தவற்றையும் இங்கே தொகுத்துத் தருகிறேன்.

இருட்டறையும் ஒரு துளையும்

கமரா என்ற சொல்லுக்கு இலத்தீன் மொழியில் அறை என்று பொருள். எல்லாப் பக்கமும் அடைத்த இருட்டறையின் ஒரு சுவரில் சிறு துளையிட்டால், வெளியே இருக்கும் காட்சி எதிர்ச் சுவரில் தலைகீழாக விழும். சுமார் 1000 ஆண்டுகளுக்கு முன்னர் பஸராவில் பிறந்து கெய்ரோவில் வாழ்ந்த அறிஞர் இப்னுல் ஹைதம் இத்தகைய இருட்டறையை வைத்து ஒளியை ஆராய்ந்தார். ஒளி நேர்கோட்டில் செல்கிறது என்பதையும், பொருள்களிலிருந்து வரும் ஒளி கண்ணுக்குள் நுழைவதாலேயே நாம் பார்க்கிறோம் என்பதையும் தமது 'கிதாபுல் மனாழிர்' நூலில் விளக்கினார். இன்று நம் கைத்தொலைபேசியில் இருக்கும் கமராவும் அதே இருட்டறைதான். துளைக்கு ஒரு வில்லையும், எதிர்ச் சுவருக்குப் பதிலாக ஓர் இலத்திரனியல் தகடும் வந்திருக்கின்றன.

இந்த இருட்டறைக்குள் எவ்வளவு ஒளியை விடுவது என்பதை மூன்று வழிகளில் கட்டுப்படுத்தலாம். முதலாவது துவாரத்தின் அளவு. கண்மணி சுருங்கி விரிவது போல வில்லையின் துவாரமும் சுருங்கி விரியும். எஃப் 2.8 இலிருந்து எஃப் 4க்கு மாற்றினால் உள்ளே வரும் ஒளி பாதியாகும். எஃப் 5.6க்கு மாற்றினால் அதிலும் பாதி. இரண்டாவது, துவாரம் திறந்திருக்கும் நேரம். திரைப்படம் என்பது ஒரு விநாடிக்கு 24 நிழற்படங்கள். வழமையாக அவை ஒவ்வொன்றும் ஒரு விநாடியின் 48இல் ஒரு பங்கு நேரம் ஒளியைப் பெறும். மூன்றாவது, பிலிமின் அல்லது தகட்டின் உணர்திறன். இதைக் கூட்டினால் இருட்டிலும் படம் தெரியும், ஆனால் மணல் தூவியது போலப் படம் கரகரப்பாகும்.

இந்த மூன்றையும் கமராவே தானாகச் செய்துகொள்ளாதா என்று நீங்கள் கேட்கலாம். செய்யும். ஆனால் கமராவுக்கு எது முக்கியம் என்று தெரியாது. நம் கல்லூரிக் குழுப் படங்களை எடுத்துப் பாருங்கள். வெள்ளைச் சீருடையும் வெள்ளைப் பர்தாவும் அணிந்து நாற்பது பேர் நிற்கிறோம். கமரா அத்தனை வெண்மையையும் பார்த்து, 'வெளிச்சம் கூடிவிட்டது' என்று முடிவு செய்து ஒளியைக் குறைக்கிறது. பர்தா அழகாக விழுகிறது, முகங்கள் கறுத்துப் போகின்றன. கறுப்பு அபாயா அணிந்து நின்றால் இதற்கு மறுதலையாக நடக்கும். முகம் வெளுத்து, மூக்கும் கண்ணும் கரைந்துவிடும். ஒளிப்பதிவாளர் ஆடையைப் பார்த்து அளப்பதில்லை. முகத்தில் விழும் ஒளியை அளந்து, 'இங்கே முகமே முக்கியம்' என்று கமராவுக்குச் சொல்கிறார். அவருடைய தொழிலின் முதற்பாடம் இதுதான். எது தெரிய வேண்டும் என்று தெரிவு செய்வது இயந்திரத்தின் வேலையன்று.

பிலிம் காலத்தில் இந்தச் சிக்கல் இன்னும் பெரியது. கொடாக் நிறுவனம் நிறங்களைச் சரிபார்ப்பதற்காகப் படம் கழுவும் கூடங்களுக்கு அனுப்பிய மாதிரிப் படத்தில் நீண்டகாலம் இருந்தது வெள்ளைத் தோலுடைய ஒரு பெண்ணின் முகமே. அந்த முகத்துக்கு ஏற்பச் சீர் செய்யப்பட்ட நிறங்களில் நம்மைப் போன்ற மாநிற முகங்களும் கறுத்த முகங்களும் சரியாக விழவில்லை. ஆக, யாருடைய முகத்தை மனதில் வைத்து ஒரு கருவி செய்யப்படுகிறது என்பதுகூட நாம் கேட்க வேண்டிய கேள்விதான்.

மதுரையிலிருந்து கிராமத்து வெயிலுக்கு

நமது நாட்டில் இந்தக் கலை எப்படிச் சுயாதீனமானது என்பது சுவையான வரலாறு. முதலாவது சிங்களப் பேசும்படமான 'கடவுணு பொரொந்துவ' 1947 ஜனவரி 21ஆம் திகதி திரைக்கு வந்தது. அதைத் தயாரித்தவர் எஸ்.எம்.நாயகம் என்ற தமிழர். படம் எடுக்கப்பட்ட இடம் மதுரையிலிருந்த சித்ரகலா மூவிடோன் ஸ்டூடியோ. அதன் பின்னரும் பல ஆண்டுகள் இலங்கைப் படங்கள் தென்னிந்திய ஸ்டூடியோக்களிலேயே பிறந்தன. கதை இலங்கைக் கிராமத்தில் நடக்கும். ஆனால் மரமும் வீடும் அட்டையில் செய்தவையாக இருக்கும். நிலவும் வெயிலும் மின்விளக்கிலிருந்து வரும்.

இதை மாற்றியவர்கள் மூவர். லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ், ஒளிப்பதிவாளர் வில்லி பிளேக், படத்தொகுப்பாளர் டைட்டஸ் தொட்டவத்த. மூவரும் அரசாங்கத் திரைப்படப் பிரிவில் விவரணப்படங்களில் பணியாற்றியவர்கள். நிரந்தர வேலையை விட்டு வெளியேறி 'ரேகாவ' படத்தை எடுத்தார்கள். 1956 டிசம்பரில் வெளிவந்த அந்தப் படத்துக்காக வில்லி பிளேக் கமராவை ஸ்டூடியோவிலிருந்து வெளியே கொண்டுவந்து, உண்மையான கிராமத்து வெயிலில் வைத்தார். அடுத்த ஆண்டு அப்படம் கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவுக்குச் சென்றது. உள்ளூரில் வசூல் கிடைக்கவில்லை. ஆனால் இலங்கைத் திரைப்படம் இலங்கை வெளிச்சத்தில்தான் எடுக்கப்பட வேண்டும் என்பது அன்றோடு நிலைபெற்றது.

அதே இயக்குநரும் ஒளிப்பதிவாளரும் மார்ட்டின் விக்கிரமசிங்கவின் நாவலைத் தழுவி 1963இல் எடுத்த 'கம்பெரலிய' இன்னொரு படி மேலே போனது. வீட்டின் உட்புறக் காட்சிகளுக்குக்கூட ஸ்டூடியோவைத் தேடவில்லை. உண்மையான பழைய வீடொன்றுக்குள், விரல்விட்டு எண்ணக்கூடிய விளக்குகளோடு படம்பிடித்தார்கள். யன்னல் வழியே வரும் ஒளியும், ஒளி எட்டாத மூலைகளும் சேர்ந்து, செல்வம் தேய்ந்துகொண்டு போகும் ஒரு குடும்பத்தின் நிலையைச் சொல்லிவிடுகின்றன. 1965இல் புதுடில்லி சர்வதேசத் திரைப்பட விழாவில் அப்படம் தங்க மயில் விருதைப் பெற்றது. அதன் படத்தொகுப்பாளர் ஒரு பெண் என்பதையும் இங்கே குறிப்பிட வேண்டும். அவர்தான் பின்னர் இயக்குநராகப் புகழ்பெற்ற சுமித்ரா பீரிஸ்.

தமிழிலும் முயற்சிகள் இருந்தன. இலங்கையின் முதலாவது தமிழ்த் திரைப்படமான 'சமுதாயம்' 1962இல் சிக்கனமான 16 மி.மீ. பிலிமில் எடுக்கப்பட்டது. அடுத்த ஆண்டு வந்த 'தோட்டக்காரி' மலையகத் தோட்ட வாழ்க்கையைக் கதையாக்கியது. பணமில்லாதவர்கள் படமெடுப்பது நமக்குப் புதிய செய்தியன்று.

வானத்தை வெள்ளைத் துணியாக்கியவர்

வசதிக் குறைவு எப்படிப் புதிய உத்தியைப் பிறப்பிக்கும் என்பதற்கு, அதே காலத்தில் வங்காளத்தில் நடந்ததை விடச் சிறந்த உதாரணம் எனக்குக் கிடைக்கவில்லை. சத்யஜித் ரே 'பதேர் பாஞ்சாலி' படத்தைத் தொடங்கியபோது அவர் தெரிவு செய்த ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ராவுக்கு வயது 21. அதற்கு முன்னர் அவர் திரைப்படக் கமராவை இயக்கியதே இல்லை. பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் கல்கத்தாவில் 'த ரிவர்' படத்தை எடுத்தபோது, ஓரமாக நின்று பார்த்து, விளக்குகள் எங்கே வைக்கப்படுகின்றன என்று கொப்பியில் வரைந்து வைத்துக்கொண்டது மட்டுமே அவருடைய பயிற்சி.

1952இல் முதல்நாள் படப்பிடிப்பு, வெண்ணிற நாணல் பூக்கள் நிறைந்த ஒரு வெளியில் நடந்தது. மீதியை எடுக்க ஒரு வாரம் கழித்துப் போனபோது பூக்களை மாடுகள் மேய்ந்துவிட்டிருந்தன. அந்தக் காட்சியை முடிக்க அடுத்த பருவம் வரை காத்திருந்தார்கள். பணம் தீர்ந்து படப்பிடிப்பு நின்றதும் பல தடவைகள். படம் 1955இல்தான் முடிந்து வெளிவந்தது.

அடுத்த படமான 'அபராஜிதோ'வில் காசி நகரத்து வீடொன்றின் உள்முற்றம் தேவைப்பட்டது. மழைக்குப் பயந்து அதைக் கல்கத்தா ஸ்டூடியோ ஒன்றுக்குள் கட்டினார்கள். மித்ராவுக்கு இதில் உடன்பாடில்லை. உண்மையான முற்றத்தில் வெளிச்சம் வானம் முழுவதிலிருந்தும் இறங்குகிறது. அதனால் அங்கே கூர்மையான நிழல் விழுவதில்லை. ஸ்டூடியோ விளக்கோ ஒரே பக்கத்திலிருந்து குத்துகிறது, ஒவ்வொரு விளக்குக்கும் ஒரு நிழல் விழுகிறது. இதற்கு அவர் கண்ட வழி மிக எளியது. முற்றத்துக்கு மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, விளக்குகளை நடிகர்களை நோக்கி வைக்காமல் அந்தத் துணியை நோக்கி வைத்தார். துணியில் பட்டுத் தெறித்த ஒளி, வானத்து ஒளியைப் போல மென்மையாக இறங்கியது. சாதாரண தரத்தில் நாம் படித்த ஒளித்தெறிப்புத்தான். வழவழப்பான ஆடியில் ஒளி ஒரே திசையில் தெறிக்கும், சொரசொரப்பான துணியில் பல திசைகளில் சிதறும். இந்தத் தெறிப்பொளி முறையை இன்று உலகம் முழுவதும் பயன்படுத்துகிறார்கள். கையில் ரெஜிபோம் தட்டியொன்றைப் பிடித்துக்கொண்டு மணமகளின் அருகில் நிற்கும் நம் ஊர்ப் படப்பிடிப்பு உதவியாளரும் அதே வேலையைத்தான் செய்கிறார்.

கண்டியின் வெளிச்சம்

சுயாதீனப் படங்களின் ஒளிப்பதிவாளரிடம் விளக்கு நிரம்பிய லொறி இருக்காது. ஆகவே அவர் முதலில் கற்க வேண்டியது, தான் நிற்கும் ஊரின் இயற்கை வெளிச்சத்தை. கண்டியை அப்படிப் பார்த்தால், தினமும் நடந்து போகும் வழியே வேறாகத் தெரிகிறது.

நாம் பூமத்திய ரேகையிலிருந்து 7 பாகை வடக்கே இருக்கிறோம். ஏப்ரல் தொடக்கத்திலும் செப்டெம்பர் தொடக்கத்திலும் நண்பகல் சூரியன் ஏறத்தாழ நேர் உச்சியில் நிற்கும். அந்த வெயிலில் முகத்தைப் படமெடுத்தால் நெற்றி மின்னும், கண்கள் இரண்டு கறுப்புக் குழிகளாகும். வருடத்தின் மற்ற நாட்களிலும் நண்பகல் வெயில் இதற்கு மிகவும் வேறுபட்டதன்று. பொழுது சாயும் வேளையின் பொன்னிற ஒளியோ நமக்குக் குறுகிய நேரமே கிடைக்கிறது. அதிலும் கண்டி மலைகளுக்கு நடுவே இருக்கும் பள்ளம். காலைச் சூரியன் மலைக்கு மேல் ஏறி வரத் தாமதமாகும், மாலையில் தொடுவானத்தைத் தொடுமுன்பே மலைக்குப் பின்னால் மறைந்துவிடும். ஆனால் மறைந்த பிறகும் வானம் வெளிச்சமாகவே இருக்கும். மித்ரா துணியால் செய்ததை, அந்த வேளையில் நமக்கு ஹந்தானையும் சுற்றியுள்ள மலைகளும் செலவில்லாமல் செய்து தருகின்றன.

மகாவலிக் கரையில் காலையில் எழும் மூடுபனியும் அத்தகையதே. அது சூரிய ஒளியைப் பரப்பி மென்மையாக்குகிறது. தூரத்தில் இருப்பதை வெளிறச் செய்து, அருகில் இருப்பதைத் தனியே பிரித்துக் காட்டுகிறது. பேராதனைப் பாலத்தடியில் ஒருவர் நடந்து வந்தால், மூடுபனியில் அவர் மட்டும் படத்தில் நிற்பார். ஒரு மணி நேரம் கழித்து அதே இடத்தில் எடுத்தால் பின்னாலுள்ள பஸ்ஸும் விளம்பரப் பலகையும் சேர்ந்து கண்ணைக் குழப்பும்.

நிறத்தைப் புரிந்துகொள்ள நம் ஊர் எசல பெரஹராவை நினைத்துப் பார்க்கலாம். ஒளியின் நிறத்தைக் கெல்வின் என்ற அலகால் அளக்கிறார்கள். எண் குறைந்தால் செம்மஞ்சள், கூடினால் நீலம். தீச்சுடர் சுமார் 1900 கெல்வின். பழைய இழை மின்குமிழ் சுமார் 2800. நண்பகல் வெயில் சுமார் 5500. நிழலும் மேகமூட்டமும் அதற்கும் மேல். நம் கண் இவற்றையெல்லாம் தானாகச் சரிசெய்துகொண்டு, வெள்ளையை வெள்ளையாகவே காட்டும். கமராவுக்கு நாம்தான் சொல்ல வேண்டும். பெரஹராவில் கொப்பரைத் தீப்பந்தத்தின் செம்மஞ்சளும், யானையின் மேல் எரியும் மின்குமிழ்களும், கடைகளின் நீலம் பாய்ந்த வெள்ளை விளக்குகளும் ஒரே காட்சியில் கலந்திருக்கும். மூன்றையும் ஒரே நேரத்தில் வெள்ளையாக்க முடியாது. கமராவைத் தீப்பந்தத்துக்கு ஏற்றவாறு வைத்தால் தெரு நீலமாகும். தெருவுக்கு ஏற்றவாறு வைத்தால் நடனக்காரரின் முகம் நெருப்பு நிறமாகும். எது கதை என்று தெரிந்தவர்தான் முடிவெடுக்க முடியும்.

1934இல் பசில் ரைட் என்ற ஆங்கிலேயர் 'சோங் ஒஃப் சிலோன்' என்ற விவரணப்படத்தை எடுத்தபோது கண்டிய நடனத்தையும் சிவனொளிபாத மலை யாத்திரையையும் தாமே கமராவைக் கையாண்டு பதிவு செய்தார். தேயிலையை விளம்பரப்படுத்தும் சபையின் பணத்தில் எடுக்கப்பட்ட படம், இன்று உலகின் சிறந்த விவரணப்படங்களில் ஒன்றாகக் கருதப்படுகிறது. அழகான படம்தான். ஆனாலும் நம் மலைநாட்டை முதன்முதலில் உலகுக்குக் காட்டிய கண்களுள் ஒன்று, சில மாதங்கள் தங்கிவிட்டுப் போன விருந்தாளியின் கண் என்பதை மறக்கக்கூடாது.

வேலை எப்படி நடக்கிறது?

ஒளிப்பதிவாளரின் வேலை கமராவைத் தூக்குவதில் தொடங்குவதில்லை. முதலில் திரைக்கதையைப் பலமுறை படிக்கிறார். பிறகு இயக்குநரோடு இடங்களைப் போய்ப் பார்க்கிறார். யன்னல் எந்தத் திசையில் இருக்கிறது, காலை பத்து மணிக்கு வெயில் எங்கே விழும், மின்சாரம் எங்கிருந்து எடுக்கலாம், மழை வந்தால் எந்தக் காட்சியை உள்ளே எடுக்கலாம் என்றெல்லாம் குறித்துக்கொள்கிறார். அதன் பின்னர் எந்தக் காட்சியை எத்தனை துண்டுகளாக எடுப்பது என்ற பட்டியல் தயாராகிறது. படப்பிடிப்பு முடிந்த பின்னர் நிறங்களைச் சீர்செய்யும்போதும் அவர் பக்கத்தில் இருக்கிறார்.

பிலிம் காலத்தில் திட்டமிடல் உயிர்நாடியாக இருந்தது. 1000 அடி நீளமுள்ள 35 மி.மீ. பிலிம் சுருள் சுமார் 11 நிமிடத்தில் ஓடி முடிந்துவிடும். ஒவ்வொரு விநாடிக்கும் விலை. இன்று டிஜிட்டல் கமராவில் அந்தச் செலவு இல்லை. 'சேர்ச்சிங் ஃபோர் சுகர் மேன்' என்ற விவரணப்படத்தை எடுத்த மாலிக் பென்ஜலூல், பணம் தீர்ந்த நிலையில் சில காட்சிகளைக் கைத்தொலைபேசியின் மலிவான செயலியொன்றினால் எடுத்து முடித்தார். அந்தப் படம் 2013இல் ஒஸ்கார் விருது பெற்றது. கருவி மலிந்துவிட்டது. பார்க்கத் தெரிந்த கண் இன்னும் மலியவில்லை.

பெரிய படங்களில் இத்தொழிலுக்கு ஏணி உண்டு. கமராப் பெட்டிகளைப் பொறுப்பெடுக்கும் உதவியாளர், குவியத்தைத் திருத்திக்கொண்டே இருக்கும் உதவியாளர், கமராவை இயக்குபவர் என்று ஒவ்வொரு படியாக ஏறி ஒளிப்பதிவாளராக வர வேண்டும். சுயாதீனப் படத்தில் இந்த நான்கு வேலைகளையும் இரண்டு பேர் செய்வார்கள். சில வேளை ஒருவரே செய்வார். வருமானத்தைப் பற்றியும் மறைக்காமல் சொல்ல வேண்டும். இத்தகைய படத்தை மட்டும் நம்பி வாழ்வது கடினம். எனவே கலியாண வீடு, விளம்பரம், தொண்டு நிறுவனங்களின் விவரணப்படம் என்று உழைத்து, அந்த உழைப்பில் நல்ல படத்துக்கு நேரம் ஒதுக்குகிறார்கள்.

பெண்ணின் கையில் கமரா

தமிழ்த் திரையுலகில் 1985இல் 'சின்ன வீடு' படத்துக்கு ஒளிப்பதிவு செய்த பி.ஆர்.விஜயலட்சுமி, ஆசியாவின் முதல் பெண் ஒளிப்பதிவாளர் என்று போற்றப்படுகிறார். அவர் ஒளிப்பதிவாளர் அசோக்குமாரிடம் உதவியாளராக இருந்து தொழில் கற்றவர். 2002இல் நடிகை ரேவதி முதன்முறையாக இயக்கிய 'மித்ர், மை ஃபிரெண்ட்' படத்தின் முக்கிய பொறுப்புகள் யாவும் பெண்கள் கையில் இருந்தன. படத்தொகுப்பு பீனா போல், இசை பவதாரிணி, ஒளிப்பதிவு ஃபௌசியா ஃபாத்திமா. பூனே திரைப்படக் கல்லூரியில் படித்த ஃபௌசியா ஃபாத்திமா, பின்னர் ஏனைய பெண் ஒளிப்பதிவாளர்களோடு இணைந்து இந்தியப் பெண் ஒளிப்பதிவாளர்களுக்கென ஓர் அமைப்பையும் உருவாக்கினார். அந்தப் பெயரை முதன்முதலில் வாசித்தபோது, நம் வகுப்பு இடாப்பில் உள்ள பெயர்போல் இருக்கிறதே என்று நான் மீண்டும் ஒருமுறை வாசித்தேன்.

உலக அளவில் நிலைமை என்ன? ஒஸ்கார் விருதுகள் 1929இல் தொடங்கின. ஒளிப்பதிவுக்கான விருதுக்கு ஒரு பெண்ணின் பெயர் முதன்முதலாகப் பரிந்துரைக்கப்பட்டது 2018இல்தான். அவர் ரேச்சல் மொரிசன். சிறிய சுயாதீனப் படங்களிலிருந்து வளர்ந்து வந்தவர். அந்த ஒரு பெயர் பட்டியலில் வர 89 ஆண்டுகள் சென்றிருக்கின்றன.

நம் ஊரில் இது சாத்தியமா என்று கேட்பவர்களுக்கு ஓர் உதாரணம் சொல்வேன். கட்டுகஸ்தோட்டைப் பக்கம் எங்கள் உறவுக்கார ராத்தா ஒருவர் கலியாண வீடுகளில் பெண்கள் பக்கத்துக்குப் படமெடுக்கப் போகிறார். பெண்கள் மட்டும் இருக்கும் மண்டபத்துக்குள் ஆண் படப்பிடிப்பாளர் வருவதைப் பல குடும்பங்கள் விரும்புவதில்லை. அதனால் அவருக்கு அழைப்புக்குக் குறைவில்லை. ஒருநாள் அவரோடு உதவிக்குப் போனேன். மணமகளைச் சுற்றி நீலமும் ஊதாவுமாக அலங்கார விளக்குகள். அவர் கமராவைப் பையிலிருந்து எடுக்கவே இல்லை. "தங்கச்சி, கமராவ பொறகு பாப்பம். மொதல்ல வெளிச்சம் எங்கால வருதெண்டு பாருங்க" என்றார். பிறகு வீட்டுக்காரரிடம் பேசி ஊதா விளக்கை அணைக்கச் செய்து, மணமகளை யன்னலோரம் இருத்தி, எதிர்ப்பக்கத்தில் என்னை ஒரு வெள்ளை மேசைவிரிப்பைப் பிடிக்கச் சொன்னார். யன்னலுக்கு எதிரே இருந்த கன்னத்தின் இருள் கரைந்தது. சுப்ரத மித்ராவின் பெயரை அவர் கேள்விப்பட்டதில்லை.

ஆனால் கலியாண வீட்டைத் தாண்டிப் போக வேண்டுமென்றால் கேள்விகள் எழும். என் வீட்டிலும் எழுந்தன. "இரவில் வேலையாமே, யாரோடு போவாய்?" என்று உம்மா கேட்டார். "படிப்பு முடிய ஒரு நிரந்தரத் தொழில் வேண்டாமா?" என்று வாப்பா கேட்டார். இவை வீணான கேள்விகள் அல்ல. படப்பிடிப்பு நேரத்துக்கு முடிவதில்லை. குழுவில் பெரும்பாலும் ஆண்களே இருக்கிறார்கள். வருமானம் மாதா மாதம் வருவதில்லை. நான் வீட்டில் சொன்ன பதில் இதுதான். பாதை ஒன்றுதான் என்றில்லை. ஆசிரியத் தொழிலோடு விவரணப்படம் எடுக்கலாம். பெண்கள் மட்டுமே கொண்ட குழுவாக இயங்கலாம். நம் ஊரையும் நம் வீடுகளையும் பகலில், இருக்கும் வெளிச்சத்தில் படமெடுக்கலாம். வாப்பா முழுமையாகச் சம்மதிக்கவில்லை. "முதலில் பரீட்சை முடியட்டும்" என்றார். அதையே ஒரு கதவாக நான் எடுத்துக்கொண்டிருக்கிறேன்.

இன்றே தொடங்கக்கூடியவை

விருப்பமுள்ள தோழியருக்குச் சில பயிற்சிகள். ஒன்று, வீட்டு விறாந்தையில் ஒருவரை இருத்தி காலை ஆறரை, நண்பகல், மாலை ஐந்தரை ஆகிய மூன்று நேரங்களிலும் ஒரே இடத்திலிருந்து படமெடுங்கள். மூன்றையும் அருகருகே வைத்துக் கண்ணையும் நிழலையும் பாருங்கள். இரண்டு, முகத்தின் மேல் விரலை அழுத்திப் பிடித்தால் பல கைத்தொலைபேசிகள் அந்த ஒளியளவைப் பூட்டிக்கொள்ளும். வெள்ளைப் பர்தா அணிந்த ஒருவரை அப்படிப் பூட்டியும் பூட்டாமலும் எடுத்துப் பாருங்கள். மூன்று, மின்விளக்கில் காணொளி எடுக்கும்போது படத்தில் கோடுகள் ஓடினால் பயப்படாதீர்கள். நம் நாட்டு மின்சாரம் விநாடிக்கு 50 சுற்று. அதனால் விளக்கு விநாடிக்கு 100 தடவை துடிக்கிறது. துவாரம் திறக்கும் நேரத்தை 50இல் ஒன்று அல்லது 100இல் ஒன்று என்று வைத்தால் ஒவ்வொரு படத்திலும் முழுத் துடிப்புகள் அடங்கும், கோடுகள் மறையும். நான்கு, வாரம் ஒருமுறை ஒரு படத்தின் ஐந்து நிமிடத்தை ஒலியை அணைத்துவிட்டுப் பாருங்கள். ஒவ்வொரு காட்சியிலும் வெளிச்சம் எந்தப் பக்கத்திலிருந்து வருகிறது என்று கொப்பியில் வரையுங்கள். மித்ரா கற்றதும் அப்படித்தான்.

முறையாகக் கற்க விரும்புவோர் உயர்தரத்தில் தொடர்பாடலும் ஊடகக் கற்கையும் பாடத்தைத் தெரிவு செய்யலாம். களனி, யாழ்ப்பாணம் முதலிய பல்கலைக்கழகங்களில் ஊடகம் சார்ந்த கற்கைகள் உள்ளன. கொழும்பில் இலங்கைத் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனமும் இருக்கிறது.

எங்கள் உம்மும்மாவின் குசினியில் கூரையில் ஒரு கண்ணாடி ஓடு பதித்திருக்கிறது. காலையில் அதன் வழியே இறங்கும் வெளிச்சத்தில் அடுப்புப் புகை ஒரு தூண் போல நிற்கும். நோன்பு காலத்தில் அஸருக்குப் பிறகு கஞ்சிப் பானையிலிருந்து எழும் ஆவி, யன்னலோரத்தில் குர்ஆன் ஓதும் பிள்ளையின் கன்னத்தில் விழும் ஒளி, மழை நாளில் அரைவாசி திறந்த கதவு. இவை எந்தத் திரைப்படத்திலும் நான் கண்டவை அல்ல. வெளியாட்கள் இவற்றைப் படமெடுக்க முடியாது, ஏனென்றால் அந்தக் குசினிக்குள் அவர்கள் வருவதில்லை. நாம் அங்கேதான் இருக்கிறோம்.